கடற்பீச்சி: திருகோணமலைத் துறைமுகத்தின் அடியில் வாழும் நமது தூரத்து உறவு

2018 மார்ச் மாதத்தில் இலங்கைக் கடற்படையின் சுழியோடிகள் திருகோணமலைத் துறைமுகத்தின் அடியில் கிடந்த ஒரு கப்பலை மீண்டும் மிதக்க வைத்தார்கள். ‘சகைங்’ என்ற அந்தப் பிரித்தானியக் கப்பல், 1942 ஏப்ரல் 9 ஆம் திகதி யப்பானிய விமானங்கள் திருகோணமலையில் குண்டு வீசியபோது தீப்பற்றிச் சேதமடைந்தது. 1943 இல் துறைமுகத்துக்குள்ளேயே அது அமிழ்த்தப்பட்டது. முக்கால் நூற்றாண்டு வெப்பக் கடலில் கிடந்த இரும்பு வெறும் இரும்பாக மேலே வருவதில்லை. சிப்பி, பாசி, கடற்பஞ்சு, முருகைக்கல் என்று உயிர்கள் படை படையாக அதன்மேல் குடியேறிவிடும்.

துறைமுகத்தில் இப்படிக் குடியேறும் கூட்டத்தில் அநேகமாக எப்போதும் இருக்கும், ஆனால் நாம் பெரிதாகக் கவனிக்காத ஓர் உயிர் உண்டு. இறங்குதுறைத் தூண்களிலும், மிதவைகளின் அடியிலும், நங்கூரக் கயிறுகளிலும், நெடுநாள் நகராமல் நின்ற வள்ளத்தின் அடிப்புறத்திலும் வழுவழுப்பான பை போல ஒட்டிக்கொண்டிருக்கும். பிடித்து அமுக்கினால் நீரைப் பீய்ச்சி அடிக்கும். அதனால்தான் கடற்பீச்சி என்ற பெயர். உயிரியல் நூல்களில் இதை ‘அசிடியன்’ என்பார்கள். உலகக் கடல்களில் ஏறக்குறைய 3,000 இனங்கள் அறியப்பட்டுள்ளன. நன்னீரில் வாழும் இனம் ஒன்றுகூட இல்லை.

திருகோணமலைத் துறைமுகம் என்றதும் நமது பேச்சு அதன் ஆழத்துக்கும், சீனக்குடாவின் 99 எண்ணெய்த் தாங்கிகளுக்கும், அதை யார் எடுத்துக்கொள்ளப் போகிறார்கள் என்ற கேள்விக்கும் போய்விடும். அந்தக் கேள்வி முக்கியமானதுதான். ஆனால் அந்தத் துறைமுகத்தின் நீருக்குள் என்ன வாழ்கிறது, அதனால் நமக்கு என்ன பயன், என்ன ஆபத்து என்ற கேள்வியும் அதே அளவு முக்கியமானது. கடற்பீச்சியை வைத்து அதைப் பார்க்கலாம்.

இரண்டு வாய், ஒரு சல்லடை

கடற்பீச்சியின் உடலமைப்பு எளிமையானது. தடித்த பை போன்ற உறைக்குள் முழு உடலும் அடங்கியிருக்கும். மேற்புறத்தில் இரண்டு துவாரங்கள். ஒன்றின் வழியாகக் கடல்நீர் உள்ளே போகும், மற்றதன் வழியாக வெளியே வரும். நடுவில் நுண்ணிய துளைகள் நிறைந்த கூடை ஒன்று சல்லடையாக நிற்கிறது. அந்தக் கூடையை மூடும் சளிப் படலத்தில், கண்ணுக்குத் தெரியாத பாசிகளும் பற்றீரியாக்களும் ஒட்டிக்கொள்கின்றன. சளியோடு சேர்த்து அவற்றை அது விழுங்குகிறது. மூச்சுக்குத் தேவையான ஒட்சிசனும் அதே நீரில் இருந்துதான் கிடைக்கிறது. விரல் நீளமுள்ள ஒரு கடற்பீச்சி மணிக்குச் சில லீற்றர் நீரை இப்படி வடிகட்டக்கூடியது.

உள்ளே இன்னும் சில புதினங்கள் இருக்கின்றன. அதன் இதயம் சில நிமிடங்கள் குருதியை ஒரு திசையில் தள்ளும். பிறகு நின்று, எதிர்த் திசையில் தள்ளத் தொடங்கும். வாழ்நாள் முழுவதும் இப்படியே மாறி மாறி ஓடும்.

அதன் உறை செலுலோசினால் ஆனது. செலுலோசு என்பது மரத்திலும் பருத்தியிலும் இருக்கும் பொருள். 1845 இல் யேர்மன் வேதியியலாளர் கார்ல் ஷ்மிட் இதைக் கண்டறிந்தபோது, தாவரத்துக்கே உரியது என்று கருதப்பட்ட பொருள் ஒரு விலங்கில் எப்படி வந்தது என்பது பெரும் புதிராக இருந்தது. இன்று விடை தெரியும். மிகப் பழங்காலத்தில் இவற்றின் மூதாதை ஒன்று, செலுலோசு செய்யும் மரபணுவை ஒரு பற்றீரியாவிடமிருந்து பெற்றுக்கொண்டது. வேறு எந்த விலங்குக் கூட்டமும் தானாகச் செலுலோசு செய்து தன்னைப் போர்த்திக்கொள்வதில்லை.

சில இனங்கள் கடல்நீரில் மிகச் சொற்பமாகக் கரைந்திருக்கும் வனேடியம் என்ற உலோகத்தைத் தம் குருதிக் கலங்களில் சேர்த்து வைக்கின்றன. யேர்மன் ஆய்வாளர் மார்ட்டின் ஹென்சே 1911 இல் இதை வெளியிட்டார். கடல்நீரில் இருப்பதைவிட ஒரு கோடி மடங்கு வரை செறிவாக வனேடியத்தைச் சேர்க்கும் இனமும் உண்டு. எதற்காக என்பது இன்றும் முடிவாகாத விவாதம். உடலைச் சுவையற்றதாக்கி, தின்ன வரும் மீன்களைத் தடுப்பதற்காக என்பது ஒரு விளக்கம்.

வாற்பேத்தையாகப் பிறக்கும் பை

பாறையில் ஒட்டிய இந்தப் பையை நெடுங்காலம் சிப்பி, மட்டி வகையில் சேர்த்து வைத்திருந்தார்கள். பார்ப்பவர் எவரும் அப்படித்தான் நினைப்பார்கள். அந்தத் தவறைத் திருத்தியது அதன் குடம்பி.

கடற்பீச்சியின் முட்டையிலிருந்து வருவது தவளையின் வாற்பேத்தை போன்ற சிறு உயிர். பெரும்பாலான இனங்களில் அதன் நீளம் சில மில்லிமீற்றருக்குள் அடங்கிவிடும். தலையும் நீந்தும் வாலும் இருக்கும். வாலின் நடுவே முதுகுநாண் என்ற வளையும் கோல். அதன்மேல் நரம்புக்குழாய். பல இனங்களில் ஒளியை உணரும் ஒரு புள்ளியும், மேல் கீழ் அறியும் ஓர் உறுப்பும் தலையில் இருக்கும். இதே முதுகுநாணும் நரம்புக்குழாயும் தாயின் வயிற்றில் வளரும் மனிதக் கருவிலும் தோன்றுகின்றன. நமது முள்ளந்தண்டு அந்த முதுகுநாணைச் சுற்றித்தான் உருவாகிறது.

1866 இல் ரஷ்ய ஆய்வாளர் அலெக்சாந்தர் கொவலெவ்ஸ்கி இந்த ஒற்றுமையை எடுத்துக் காட்டினார். ஐந்து ஆண்டுகளின் பின் வெளியான மனிதத் தோற்றம் பற்றிய நூலில் சார்ள்ஸ் டார்வின் இதை முக்கிய சான்றாக எடுத்துக்கொண்டார். 2002 இல் ‘சியோனா’ என்ற கடற்பீச்சியின் மரபணுத் தொகுதி முழுவதும் வாசிக்கப்பட்டது. ஏறக்குறைய 16,000 மரபணுக்கள். நமக்குச் சுமார் 20,000. 2006 இல் வெளிவந்த ஒப்பீடு இன்னும் ஒரு படி மேலே போனது. முள்ளந்தண்டுள்ள விலங்குகளுக்கு, அதாவது மீன், தவளை, பறவை, மனிதன் எல்லோருக்கும், முள்ளந்தண்டு இல்லாதவற்றுள் மிக நெருங்கிய உறவு இந்தக் கூட்டம்தான் என்று அது காட்டியது. கணவாயும் இறாலும் நண்டும் நமக்கு எவ்வளவோ தொலைவு. தூணில் ஒட்டிய பைதான் உறவு.

அந்தக் குடம்பி உண்பதில்லை. முட்டையில் கிடைத்த உணவே கட்டுச்சோறு. சில மணி நேரம், அதிகம் போனால் சில நாட்கள் நீந்தும். அதற்குள் ஒட்டுவதற்கு ஓர் இடம் பிடிக்கவேண்டும். தலையில் உள்ள பசைப் புள்ளிகளால் ஒட்டிய உடனேயே வால் சுருங்குகிறது. முதுகுநாண் கரைந்து உடலுக்குள் உறிஞ்சப்படுகிறது. சல்லடை வளர்கிறது. அதன் பிறகு ஒட்டிய இடம்தான் அதன் இடம். ‘தன் மூளையைத் தானே தின்னும் விலங்கு’ என்று இணையத்தில் பரவும் கதை இதிலிருந்து வந்ததுதான். குடம்பியின் மூளை பெரும்பாலும் கரைந்துபோவது உண்மை. ஆனால் அந்த இடத்தில், இரு துவாரங்களுக்கும் நடுவே, வளர்ந்த உடலுக்கான புதிய நரம்புத்திரள் ஒன்று உருவாகிவிடுகிறது.

பெரும்பாலானவை ஆணும் பெண்ணும் ஒரே உடலில் அமைந்தவை. சில இனங்கள் தனித்தனியாக வாழும். வேறு சில அரும்பு விட்டுப் பெருகி, நூற்றுக்கணக்கான சிற்றுடல்கள் ஒரே உறைக்குள் வாழும் கூட்டமாகப் பாறையை மூடிவிடும். பூ வேலைப்பாடு செய்த பாய் போல அவை தோன்றும். அவற்றின் ஒரு துண்டு பிய்ந்து வேறோரிடத்தில் விழுந்தாலும் அங்கே மீண்டும் வளரக்கூடியது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். துறைமுகத்துக்கு இது முக்கியம்.

முத்துக்காக வந்தவர் எழுதிய பட்டியல்

1891 க்குப் பின் மன்னார் வளைகுடாவில் பத்து ஆண்டுகளுக்கு மேலாக முத்துக்குளிப்பு நடைபெறவில்லை. சிப்பிகள் படுக்கைகளில் தோன்றுவதும் காணாமற் போவதுமாக இருந்தன. அரசுக்கு வருமானம் நின்றது. காரணம் கண்டுபிடிக்க லிவர்பூல் பல்கலைக்கழகப் பேராசிரியர் வில்லியம் ஹேர்ட்மனைப் பிரித்தானிய அரசு அனுப்பியது. 1902 ஜனவரியில் உதவியாளர் ஜேம்ஸ் ஹோர்னலுடன் வந்த அவர், ‘லேடி ஹவ்லொக்’ என்ற நீராவிக் கப்பலில் இலங்கையைச் சுற்றிக் கடலடியை வாரிப் பார்த்தார். அந்தப் பயணத்தில் திருகோணமலையும் இருந்தது.

ஹேர்ட்மன் தற்செயலாகக் கடற்பீச்சி நிபுணர். ‘சலஞ்சர்’ கப்பலின் உலகக் கடலாய்வுப் பயணம் கொண்டுவந்த கடற்பீச்சிகளை ஆராய்ந்து எழுதியவரும் அவரே. அதனால், முத்துச் சிப்பியைத் தேடிய பயணத்தின் பயனாக நமது கடற்பீச்சிகளுக்கும் ஒரு பட்டியல் கிடைத்தது. 1903 முதல் 1906 வரை ஐந்து பாகங்களாக லண்டனில் வெளியான அந்த அறிக்கையின் ஒரு பகுதி இவற்றைப் பற்றியது.

அவர் பெயரைத் தாங்கிய ‘ஹேர்ட்மேனியா’ என்ற கடற்பீச்சி இந்து சமுத்திரக் கரைகளில் பரவலாக வாழ்கிறது. எஸ். எம். தாஸ் 1936 இல் அதைப் பற்றி எழுதிய நூலின் பின், இந்தியாவில் விலங்கியல் படித்த தலைமுறைகள் அதை வெட்டிப் பார்த்தும் படம் வரைந்தும் கற்றன. உயிருள்ள சங்கின் ஓட்டில் ஒட்டி வாழ்வது அதன் பழக்கங்களில் ஒன்று. சங்கு குளிக்கும் கிண்ணியா, மூதூர்ச் சுழியோடிகள் சங்கைச் சுத்தம் செய்யும்போது சுரண்டி எறியும் ரோசா நிறச் சதைப்பை அதுவாகவும் இருக்கலாம்.

எதிரே, வளைகுடாவின் மறுகரையில், இந்த வேலை தொடர்ந்தது. தூத்துக்குடி ஏ.பி.சி. மகாலட்சுமி மகளிர் கல்லூரியின் விலங்கியல் துறையில் பேராசிரியர் வி. கே. மீனாட்சியும் அவருடைய மாணவிகளும் பல ஆண்டுகள் கடற்பீச்சிகளைச் சேகரித்து, வகைப்படுத்தி, புதிய பதிவுகளை வெளியிட்டார்கள். ஒரு துறைமுக நகரத்தின் பெண்கள் கல்லூரி அந்தக் கடலின் கடற்பீச்சிகளுக்கு நம்பகமான முகவரியானது. நமது கரையில், மீன்பிடிக்கப் போவதற்கே பாஸ் எடுக்கவேண்டியிருந்த காலம் அது. கடலடியில் இறங்கி உயிர்களை எண்ணுவதற்கு யாருக்கு வாய்ப்பு இருந்தது?

கப்பலோடு வரும் குடியேறிகள்

கடற்பீச்சிகளால் துறைமுகத்துக்கு வரும் தொல்லை உலகம் அறிந்தது. இவற்றின் குடம்பி சில மணி நேரமே நீந்துவதால், இயற்கையாக ஒரு சமுத்திரத்தைக் கடந்து போகமுடியாது. கப்பல்தான் கொண்டுபோகிறது. பெரும்பாலும் கப்பலின் அடிப்புறத்தில், நீர் உறிஞ்சும் குழாய் வாய்களில், சுக்கானின் இடுக்குகளில் ஒட்டி வளர்ந்த நிலையிலேயே அவை பயணம் செய்கின்றன. ஒரு துறைமுகத்தில் சில நாட்கள் கப்பல் தரித்து நின்றால் போதும். முட்டைகள் நீரில் கலந்துவிடும்.

கனடாவின் பிரின்ஸ் எட்வேர்ட் தீவில் நடந்தது இதற்கு நல்ல உதாரணம். கயிறுகளைத் தொங்கவிட்டு மட்டி வளர்ப்பது அங்கு முக்கிய தொழில். 1990களின் இறுதியில் ஆசியாவைச் சேர்ந்த ஒரு கடற்பீச்சி இனம் வந்து சேர்ந்தது. சில ஆண்டுகளில் சியோனாவும் வந்தது. மட்டி தெரியாத அளவுக்குக் கயிறுகளை அவை மூடின. கயிறுகளின் பாரம் பெருகியது. மட்டிக்குப் போகவேண்டிய உணவையும் அவையே வடிகட்டிக்கொண்டன. கழுவி நீக்குவதற்கான செலவு வளர்ப்பாளர்களின் தலையில் விழுந்தது.

திருகோணமலைக்குக் கோதுமையும் எரிபொருளும் சீமெந்து மூலப்பொருளும் பல நாட்டுத் துறைமுகங்களிலிருந்து வருகின்றன. அதே நீரில்தான் மட்டி பொறுக்கும் குடும்பங்களும், கரைவலையும், கொடுவா மீன் வளர்க்கும் கடல் வலைக்கூடுகளும் இருக்கின்றன. மட்டிக்களி என்று ஊருக்கே பெயர் வைத்த இடம் இது. வலைக்கூட்டின் கண்களைக் கடற்பீச்சி அடைத்தால் உள்ளே நீரோட்டம் குறையும். மீனுக்கு ஒட்சிசன் போதாமற் போகும்.

சர்வதேச அளவில் இரண்டு தடுப்புகள் உள்ளன. நச்சுத்தன்மை மிக்க வெள்ளீயச் சேர்மப் பூச்சுகளைக் கப்பல் அடியில் பூசுவதைத் தடைசெய்யும் உடன்படிக்கை 2008 இல் நடைமுறைக்கு வந்தது. கப்பலின் சமநிலைக்காக ஏற்றிவரும் நீரைச் சுத்திகரிக்கக் கோரும் உடன்படிக்கை 2017 இல் வந்தது. அடியில் ஒட்டி வருவதற்கு அத்தகைய கட்டாய உலக உடன்படிக்கை இல்லை, வழிகாட்டிகளே உள்ளன.

சிறு வள்ளம் வைத்திருப்போர் தாமே செய்யக்கூடியவை உண்டு. வள்ளத்தின் அடியைச் சுரண்டும்போது கழிவைத் திரும்பக் கடலில் தள்ளாதீர்கள். முன்னர் சொன்னதுபோல, கூட்டமாக வாழும் இனத்தின் துண்டுகள் மீண்டும் முளைக்கும். கரையில் ஏற்றிச் சுரண்டி, கழிவை வெயிலில் நன்றாகக் காயவிட்டு அகற்றுவது நல்லது. கயிறுகளையும் மிதவைகளையும் நன்னீரில் ஊறவைத்துக் காயப்போட்டால் பெரும்பாலான கடற்பீச்சிகள் இறந்துவிடும். உப்புக் குறைந்த நீரை அவை தாங்குவதில்லை. மாரியில் மகாவலி வெள்ளம் கொட்டியாரக் குடாவில் கலக்கும் காலத்தில், ஆற்றுவாயை அண்டிய தூண்களில் அவை குறைவாகவும், துறைமுகத்தின் உட்புறத்து உப்பு நீரில் கூடுதலாகவும் இருக்க இடமுண்டு. இதைக் கவனித்துச் சொல்ல மிகப் பொருத்தமானவர்கள் தினமும் அங்கே வள்ளம் கட்டுபவர்கள்தான்.

ஒரு தொன்னில் ஒரு கிறாம்

கடற்பீச்சி உலகச் செய்தியில் இடம்பிடித்தது மருந்தினால். கரிபியன் கடலில் கண்டல் வேர்களில் கொத்துக் கொத்தாக வளரும் ஓர் இனத்தின் சாறு, புற்றுநோய்க் கலங்களை அழிப்பது 1969 இல் அமெரிக்க ஆய்வுகளில் தெரியவந்தது. அதிலிருந்த சேர்மத்தின் அமைப்பை அறிய 1990 வரை சென்றது. தடை, அளவுதான். ஏறக்குறைய ஒரு தொன் கடற்பீச்சியிலிருந்து ஒரு கிறாம் மருந்துதான் கிடைத்தது. இயற்கையிலிருந்து எடுத்தால் இனமே அழிந்துவிடும்.

1996 இல் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தின் ஈ. ஜே. கோரி குழுவினர் அதை ஆய்வுகூடத்தில் முழுவதுமாகத் தயாரித்துக் காட்டினர். பின்னர், பற்றீரியா ஒன்றை வளர்த்து அது தரும் பொருளிலிருந்து மருந்தைச் செய்யும் சுருக்கமான வழியை ஸ்பெயின் நாட்டு நிறுவனமான பார்மாமார் கண்டது. ‘ட்ரபெக்டெடின்’ என்ற அந்த மருந்தை மென்திசுப் புற்றுநோய்களுக்காக ஐரோப்பிய ஒன்றியம் 2007 இலும், அமெரிக்கா 2015 இலும் அனுமதித்தன. அதன் வழிவந்த இன்னொரு மருந்து 2020 இல் அமெரிக்காவில் ஒருவகை நுரையீரல் புற்றுநோய்க்கு அனுமதி பெற்றது. மத்தியதரைக் கடலின் வேறொரு கடற்பீச்சியில் கண்ட சேர்மம், எலும்பு மச்சைப் புற்றுநோய் ஒன்றுக்காக 2018 இல் அவுஸ்திரேலியாவில் அனுமதிக்கப்பட்டது.

பின்னர்தான் இன்னொன்று தெரிந்தது. கரிபியன் இனத்தில் அந்தச் சேர்மத்தைச் செய்வது கடற்பீச்சி அல்ல, அதன் உடலுக்குள் வாழும் ஒரு பற்றீரியா.

இதில் நமக்கு நேரடித் தொடர்பு ஒன்று உண்டு. அதே சாதியைச் சேர்ந்த, ஹேர்ட்மன் பெயரிட்ட இன்னோர் இனம் மன்னார் வளைகுடா உட்பட இந்து சமுத்திரத்தில் வாழ்கிறது. தாய்லாந்து ஆய்வாளர்கள் புக்கெட் தீவுக் கடலில் எடுத்த அந்த இனத்திலிருந்து அதே குடும்பச் சேர்மங்களைப் பிரித்தெடுத்து 2002 இல் வெளியிட்டார்கள்.

ஒரு எச்சரிக்கை இங்கு கட்டாயம். கடற்பீச்சியைத் தின்பதாலோ, அவித்துக் குடிப்பதாலோ புற்றுநோய் மாறாது. மருந்தாகக் கொடுக்கப்படுவது தூய்மையாக்கி, மில்லிகிறாம் கணக்கில் அளந்து, வைத்தியசாலையில் நாளத்தின் வழி ஏற்றப்படும் கடும் மருந்து. குருதிக் கலங்களையும் ஈரலையும் பாதிக்கும் பக்கவிளைவுகள் அதற்கு உண்டு. வீட்டில் நோயாளி இருக்கும்போது ‘கடல் மருந்து’ என்று யாரும் எதையும் விற்க வந்தால் வாங்கவேண்டாம்.

துறைமுகக் கடற்பீச்சியைப் பொறுத்தவரை ஆபத்து இன்னும் கூட. நீரில் உள்ள பார உலோகம், எண்ணெய், மலக்கழிவுப் பற்றீரியா, நுண் பிளாஸ்ரிக் எல்லாம் அந்தச் சல்லடையில்தான் தங்கும்.

உணவாகும் இடங்கள்

யப்பானில் ‘ஹோயா’ என்றும் கொரியாவில் ‘மொங்கே’ என்றும் ஒரு பெரிய கடற்பீச்சி இனத்தை வளர்த்துப் பச்சையாகவே உண்கிறார்கள். சிலி நாட்டில் ‘பியூரே’ என்ற இனம் பாறையிலிருந்து வெட்டி எடுக்கப்பட்டுச் சந்தைக்கு வருகிறது. தென்னாபிரிக்காவில் ஓர் இனம் தூண்டில் இரை. நோர்வேயிலும் சுவீடனிலும் சியோனாவைக் கயிறுகளில் வளர்த்து மீன் தீவனத்துக்கும், அதன் உறையின் உறுதியான செலுலோசு இழைகளைப் புதிய பொருட்களுக்கும் பயன்படுத்தும் முயற்சிகள் நடக்கின்றன.

யப்பானின் ஹோயா வளர்ப்போருக்கு நேர்ந்ததை நம் கரையோர மக்கள் நன்கு விளங்கிக்கொள்வார்கள். மியாகி மாகாணம் ஹோயாவுக்குப் பெயர்போனது. 2011 மார்ச் 11 ஆழிப்பேரலை அவர்களின் வளர்ப்புத் தொகுதிகளை அள்ளிச் சென்றது. ஹோயா அறுவடைக்கு மூன்று, நான்கு ஆண்டுகள் வேண்டும். கடன்பட்டு மீண்டும் கயிறு கட்டி வளர்த்தார்கள். அறுவடைக்கு முன்னரே, 2013 செப்ரெம்பரில், புகுஷிமா அணுஉலைக் கசிவைக் காரணம் காட்டித் தென்கொரியா அந்தப் பகுதிக் கடலுணவுகளுக்குத் தடை விதித்தது. ஹோயாவின் பெரும்பகுதியை அதுவரை வாங்கியது தென்கொரியாதான். சந்தை இல்லாமல், 2016 இல் மட்டும் 7,000 தொன்னுக்கும் அதிகமான ஹோயா அழிக்கப்பட்டது. அந்த இழப்பை அணுஉலை நிறுவனம் ஈடுசெய்யவேண்டியிருந்தது. எவ்வளவு வளர்த்தோம், எவ்வளவு விற்றுவந்தோம் என்ற கணக்கு வளர்ப்பாளர்களின் கையில் இருந்ததால்தான் அந்த ஈட்டைக் கேட்க முடிந்தது.

கடலுக்கும் ஓர் உறுதி

சம்பூரில் 500 மெகாவாற் நிலக்கரி மின்நிலையம் அமைக்கும் திட்டம் 2016 இல் கைவிடப்பட்டது. 2006 இல் இடம்பெயர்ந்து, ஆண்டுக்கணக்கில் முகாம்களில் இருந்து ஊர் திரும்பிய மக்களின் எதிர்ப்பு அதன் பின்னால் இருந்தது. அது கட்டப்பட்டிருந்தால் கொட்டியாரக் குடாவின் நீரை உறிஞ்சி, சூடாக்கி, திரும்ப விட்டிருக்கும். குடாவில் முன்பு என்னென்ன இருந்தன, எவை அழிந்தன என்று பின்னர் எதை வைத்து நிறுவியிருப்போம்? 2021 இல் ‘எக்ஸ்பிறஸ் பேர்ள்’ கப்பல் மேற்குக் கடலில் எரிந்து மூழ்கிய பின் எழுந்த கேள்விகளில் இதுவும் ஒன்று. முன்னைய நிலை எழுத்தில் இல்லாத இடத்தில், இழப்பைக் கணக்கிடுவது கடினம்.

இடம்பெயர்வில் காணி உறுதியைத் தொலைத்தவர் தன் சொந்த வளவை மீட்கப் பட்ட பாட்டை இந்த மாவட்டத்தில் எவருக்கும் விளக்கவேண்டியதில்லை. கடலுக்கும் அப்படி ஓர் உறுதி வேண்டும். என்ன இனங்கள், எங்கே, எந்த மாதத்தில், எவ்வளவு என்ற பட்டியல்தான் அது. உயிர்வளத்தில் அந்தந்த நாட்டுக்கே உரிமை என்று 1992 இன் உயிரியற் பல்வகைமைச் சமவாயம் சொல்கிறது. அதிலிருந்து வரும் பயன் உரியவரோடு பகிரப்படவேண்டும் என்று 2010 இன் நகோயா நெறிமுறை சொல்கிறது. நமது பாறையில் ஒரு மருந்து இருந்தாலும், அது நமது பாறையில் இருந்தது என்று காட்டுவதற்குப் பதிவு வேண்டும்.

கடற்பீச்சி இந்த வேலையைத் தொடங்குவதற்கு ஏற்ற உயிர். அது ஓடுவதில்லை. ஒட்டிய இடத்திலேயே இருந்து, அந்த நீரில் வருவதையெல்லாம் உடலில் வாங்கிக்கொள்கிறது. நீர் மாறினால் அதன் இனங்களும் மாறும்.

செலவும் பெரிதல்ல. உலகின் பல துறைமுகங்களில் ஆய்வாளர்கள் செய்வது இதுதான்: 14 சென்ரிமீற்றர் சதுரமான பிவிசி தகடு ஒன்றைக் கயிற்றில் கட்டி, இறங்குதுறையிலிருந்து நீர்மட்டத்துக்கு ஒரு மீற்றர் கீழே தொங்கவிடுவார்கள். மூன்று மாதம் கழித்து எடுத்து, ஒட்டியிருப்பவற்றைப் படம்பிடித்து எண்ணிப் பதிவார்கள். பிறகு புதிய தகடு. மூதூரிலோ கிண்ணியாவிலோ, மீனவர் சங்கத்தின் ஒத்துழைப்போடு உயர்தர உயிரியல் மாணவர்கள் இதைச் செய்யமுடியும். படங்களைப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்துக்கும், தூத்துக்குடி போன்ற இடங்களில் இனங்களை அறிந்தவர்களுக்கும் அனுப்பிப் பெயர் கேட்கலாம். மாரிக்கு ஒரு தகடு, கோடைக்கு ஒரு தகடு என்று பத்து ஆண்டுகள் சேர்ந்தால், ஹேர்ட்மனுக்குப் பிறகு இந்தக் குடாவின் கடற்பீச்சிகளுக்கு நம் பிள்ளைகள் எழுதிய பட்டியல் ஒன்று இருக்கும். அடுத்த திட்டம் வரும்போது மேசையில் வைப்பதற்கு அது உதவும்.